நீங்கள் அலம்னையா, அலம்னஸா?

யாழ்ப்பாணத்தில் பள்ளிக்கூடங்கள் மோதும் பிக் மட்ச் கிரிக்கெட் நெருங்கினால் போதும், பழைய மாணவர்களிடமிருந்து "நானும் ஒரு அலம்னை" என்று பதிவுகள் குவியும். அலம்னை என்றால் பழைய மாணவர்கள். தனி ஆள் அலம்னை ஆக முடியாது ஐயா, அது பன்மை. ஒருவர் என்றால் அலம்னஸ், பெண் என்றால் அலம்னா. 1824 இல் தொடங்கிய உடுவில் மகளிர் கல்லூரியில் படித்த அக்காமார் கூடினால் அலம்னீ. ஆணும் பெண்ணும் கலந்த கூட்டத்துக்குத்தான், ஆண்கள் மட்டும் என்றாலும்தான், அலம்னை.

இலத்தீனில் ஊட்டி வளர்த்தல் என்ற வினையில் பிறந்த சொல் இது. அலம்னஸ் என்றால் வளர்க்கப்பட்ட பிள்ளை. அல்மா மேட்டரும் அதே வேர்தான், ஊட்டும் தாய். ஆகவே அல்மா மேட்டர் பள்ளிக்கூடம், நாங்கள் இல்லை. சிலர் தங்களையே அப்படி அழைக்கிறார்கள், என்ன செய்வது!

பட்டம் பெற்றிருக்க வேண்டும் என்றும் இல்லை, அங்கே படித்திருந்தாலே போதும்.

இந்த ஆண்பால் பெண்பால் வில்லங்கமே வேண்டாம் என்று இப்போது ஆங்கிலத்தில் 'அலம்' என்று சுருக்குகிறார்கள். எழுத்துக்கூட்டிப் பார்த்தால் சலூனில் சவரம் முடிய முகத்தில் தேய்க்கும் படிகாரத்துக்கும் ஆங்கிலத்தில் அதே எழுத்துகள்தான் (alum). உச்சரிப்பு மட்டும் வேறு.

அப்புறம், "அலம்னைகள்" என்று எழுதும் அண்ணைமாரே, அது பன்மைக்கு மேல் பன்மை.