யோசிச்சுட்டு நின்னதுக்கு டிஸ்மிஸ்

ஒரு நாவல் எப்படி ஆரம்பிக்குதுன்னா, ஹீரோவுக்கு முப்பது வயசு முடியிற அன்னைக்கு அவனை ஃபேக்டரியை விட்டு அனுப்பிடுறாங்க. ஆர்டர்ல காரணமும் எழுதியிருக்கு, உடம்புல பலம் குறைஞ்சுட்டே வருது, அப்புறம் எல்லாரும் மும்முரமா வேலை பாக்குற இடத்துல இவன் யோசிச்சுட்டு நிக்கிறான்னு. இவன் கமிட்டிகிட்ட போய் நியாயம் கேக்குறான், அங்கயும் அதே கதைதான், எல்லாரும் யோசிக்க ஆரம்பிச்சா வேலையை யாருப்பா செய்யிறதுங்கிறாங்க. அவன் பேரு வோஷ்சேவ். நாவலுக்கு தமிழ்ல ‘அஸ்திவாரக் குழி’ன்னு பேர் வைக்கலாம். எழுதினது ஆந்திரேய் பிளாத்தோனவ், 1930-ல.

நான் இதை இங்கிலீஷ்ல படிச்சது சைட் ஆபீஸ் தகர ஷெட்டுல உக்காந்து, மத்தியானம் மூணு மணி வெயில்ல, வெளிய ஜேசிபி ஓடிட்டு இருக்கும்போது. எனக்கு வேலை மண்வேலை, குட்டை வெட்டுறது, ஏரி தூர் வாருறது, கரை போடுறது, எம் புக்ல, அதாவது வேலை அளவு குறிக்கிற மெஷர்மென்ட் புக்ல, அளவு எழுதுறது. ரஷ்ய இலக்கியம்னா நமக்கு டால்ஸ்டாய், தஸ்தயேவ்ஸ்கி, கோர்க்கியோட ‘தாய்’, அவ்வளவுதான தெரியும், இந்த ஆளை ஒரு ஃப்ரெண்டு சொல்லித்தான் எடுத்தேன், "நீ படி, உன் டிபார்ட்மென்ட் ஆளுய்யா அவரு"ன்னான். நான் ஏதோ கிண்டல் பண்றான்னு நெனச்சேன்.

கிண்டல் இல்ல, நெசமாவே நம்ம டிபார்ட்மென்ட்தான். 1899-ல வரோனிஷ் ஊர்ல ஒரு ரயில்வே மெக்கானிக்குக்கு மூத்த பையனா பொறந்தவர், வீட்டுல ஏகப்பட்ட உருப்படி, அதனால சின்ன வயசுலயே வேலைக்குப் போயாச்சு, ரயில் இன்ஜின்லயும் வேலை பாத்திருக்கார். இன்ஜின் மேல இருந்த பிரியம் சாகுற வரைக்கும் கதைகள்ல வந்துட்டே இருக்கு. புரட்சி வந்தப்ப பதினெட்டு வயசு. கவிதை எழுதுறார், பேப்பர்ல கட்டுரை எழுதுறார், கரன்ட் வந்துட்டா உலகமே மாறிடும்னு நம்புறார். 1921-ல மின்சாரத்தைப் பத்தி சின்னதா ஒரு புஸ்தகமே போட்டார். அதே வருஷம் வோல்கா பக்கமெல்லாம் மழை பொய்ச்சு பெரும் பஞ்சம், லட்சக்கணக்குல ஜனம் செத்துச்சு. இவர் பின்னாடி தன்னைப் பத்தி எழுதும்போது சொல்றார், அந்த வறட்சி மனசை ரொம்ப பாதிச்சுது, டெக்னிக்கல் ஆளா இருந்துட்டு இனிமே உக்காந்து இலக்கியம் பண்ணிட்டு இருக்க முடியல, அதனால தண்ணி வேலைக்குப் போயிட்டேன்னு. நம்ம ஊர்ல வேலையை விட்டுட்டு எழுத வந்தவங்களைத்தான் நான் கேள்விப்பட்டிருக்கேன், எழுத்தை விட்டுட்டு குளம் வெட்டப் போன ஆளை இவர்கிட்டதான் பாத்தேன்.

வரோனிஷ் மாகாணத்துல நிலச் சீரமைப்பு இன்ஜினியரா 1926 வரைக்கும் இருந்தார். வேலை முடிச்சதுக்கு ஒரு சர்ட்டிஃபிகேட் குடுத்திருக்காங்க, அதுல இருக்குற நம்பர் எனக்கு மனப்பாடம்: 763 குளம், 331 கிணறு, 7,600 தெசியாத்தினா சதுப்பு நிலத்துல தண்ணி வடிச்சு விவசாயத்துக்கு எடுத்தது. ஒரு தெசியாத்தினா நம்ம கணக்குக்கு 2.7 ஏக்கர், நீங்களே பெருக்கிக்கோங்க. 763 குளம்னா வெளிய இருந்து பாக்குறவங்களுக்கு அது ஒரு நம்பர். ஒரு குட்டை வெட்டுறதுக்கே இடம் பாத்து, லெவல் எடுத்து, மண்ணு பாத்து, ஆளு சேத்து, கூலி குடுத்து, "என் நிலத்துல வரக்கூடாது"ங்கிறவர்கிட்ட பேசி முடிக்கிறதுக்குள்ள எனக்கு நாக்கு தள்ளிடும். அவர்கிட்ட ஜேசிபி கெடையாது, பஞ்சத்துல அடிபட்ட ஜனங்களும் மம்பட்டியும்தான்.

இப்ப என் கதை கொஞ்சம் சொல்லிடுறேன், இல்லன்னா அடுத்தது புரியாது. வேலைக்குச் சேந்து ரெண்டாவது வருஷம், ஒரு பண்ணைக்குட்டை. எஸ்டிமேட்ல ஆறடி ஆழம். அஞ்சடி வரைக்கும் நல்ல களிமண்ணு, கையில உருட்டினா கோலிக்குண்டு மாதிரி நிக்கும். ஒரு பக்கம் பாறை வந்துட்டதால அகலம் கெடைக்கல, பில்லுக்கு கியூபிக் மீட்டர் குறையுது, கான்ட்ராக்டர் "சார் ஆழத்துல சரி பண்ணிக்கலாம்"னார், நான் சரின்னேன். ஏழே கால் அடி போச்சு. கடைசியா வந்த மண்ணு நெறம் மாறி பொலபொலன்னு இருந்துச்சு, பாத்தேன், எம் புக்ல அளவும் எழுதினேன். ஆடு மேய்ச்சுட்டு நின்ன ஒரு பெரியம்மா எட்டிப் பாத்துட்டு, "தம்பி, அடியில மணலு வந்துருச்சேப்பா, இது தண்ணி தாங்காது"ன்னுச்சு. "தாங்கும் பெரியம்மா, நீங்க போங்க"ன்னேன். ஐப்பசில நல்ல மழை, குட்டை ரொம்பி வழிஞ்சுது, போட்டோ எடுத்து அனுப்பினோம். ஒம்பதாம் நாள் போனா அடியில சேறு வெடிச்சுக் கெடக்கு. தண்ணி மொத்தமும் மணல் வழியா எறங்கிடுச்சு. பில் மட்டும் பாஸாயிடுச்சு, அது வேற விஷயம்.

இது நடந்து நாலஞ்சு வருஷம் கழிச்சு பிளாத்தோனவோட ‘யெபிஃபான் மதகுகள்’ படிக்கிறேன். ரஷ்யாவை ஆண்ட பீட்டர் மன்னர் காலத்துக் கதை. பெர்ட்ராண்ட் பெரின்னு ஒரு இங்கிலீஷ் இன்ஜினியர், டான் ஆத்தையும் ஓகா ஆத்தையும் இணைக்கிற கால்வாய் வெட்ட வர்றார், இங்கிலாந்துல இருக்குற காதலியை விட்டுட்டு. பிளான் போட்டது தலைநகர்ல, அந்தப் பக்கத்து வறட்சியை யாரும் கணக்குல சேக்கல. இவான் ஏரியிலருந்து தண்ணி எடுக்கலாம்னு முடிவு பண்ணி, ஊத்து பெருகட்டும்னு ஏரி அடியில துளை போடுறாங்க. தண்ணியைத் தாங்கிட்டு இருந்த களிமண் அடுக்கு உடைஞ்சிடுது, ஏரி கீழ எறங்கிடுது. அந்த பக்கத்துல புஸ்தகத்தை மூடி வச்சுட்டு வெளிய போய் ஒரு டீ குடிச்சேன், சத்தியமா. அதோட விட்டாரா, கடைசியில கதை இன்னொரு அடி அடிக்குது, இதுல தண்ணி பத்தாது, படகு ஓடாதுன்னு யெபிஃபான் ஊர் பொம்பளைங்களுக்கு ஒரு வருஷம் முன்னாடியே தெரியுமாம். எனக்கு உடனே அந்த பெரியம்மா முகம். பெரிக்கு மாஸ்கோவுல மரண தண்டனை, ரொம்ப கோரமான சாவு. எனக்கு இன்க்ரிமென்ட்.

(ஜான் பெரின்னு நிஜமாவே ஒரு இங்கிலீஷ் இன்ஜினியர் பீட்டர்கிட்ட வேலை பாத்திருக்கார், கால்வாயெல்லாம் வெட்டினார். ஆனா அவர் உயிரோட ஊருக்குத் திரும்பிப் போய் ரஷ்யா பத்தி புஸ்தகமே எழுதினார். சாவை சேத்தது பிளாத்தோனவ்.)

இந்தக் கதையை பிளாத்தோனவ் எழுதினது தம்போவ்ங்கிற ஊர்ல. 1926 கடைசியில அங்க நிலச் சீரமைப்புக்கு ஹெட்டா போட்டு அனுப்பினாங்க. பொண்டாட்டி பையன் மாஸ்கோவுல, இவர் தனியா ஒரு ரூம்ல. ஆபீஸ்ல ஒருத்தரும் ஒத்துழைக்கல, பின்னாடி குழி பறிக்கிறாங்கன்னு பொண்டாட்டி மரியாவுக்கு எழுதின லெட்டர்லாம் இருக்கு, அதைப் படிச்சா 1927 மாதிரியே இருக்காது, நம்ம வட்ட ஆபீஸ்லருந்து போன வாரம் யாரோ எழுதின மாதிரி இருக்கும். பகல்ல ஃபைல், ராத்திரி கதை. சில மாசத்துலயே அங்கருந்து கெளம்பிட்டார். ஃபைலையே கும்புட்டுட்டு வாழுற குமாஸ்தாக்களை வச்சு ‘கிராதவ் நகரம்’னு ஒரு நையாண்டியும் எழுதிட்டார், ஆபீஸ்ல பட்ட கடுப்பு அப்படியே தெரியும். டிரான்ஸ்ஃபர்ல போற எல்லாரும் இப்படி ஒண்ணு எழுதிட்டுப் போனா நல்லாத்தான் இருக்கும்.

அதுக்கப்புறம் எழுத்துல பட்டபாடு. 1931-ல கூட்டுப்பண்ணை பத்தின ஒரு கதை பத்திரிகையில வந்துச்சு, ஸ்டாலின் அதைப் படிச்சுட்டு ஓரத்துல அயோக்கியன்னு கிறுக்கி வச்சுட்டார், அவ்வளவுதான், மூணு வருஷத்துக்கு எவனும் போடல. மறுபடி இன்ஜினியர் வேலைக்கே போனார், எடை அளவைக் கருவி செய்யிற ஒரு டிரஸ்ட்ல, எலக்ட்ரிக் தராசு டிசைன் பண்ணிட்டு. 1938-ல பதினஞ்சு வயசுப் பையனை அரெஸ்ட் பண்ணி நரில்ஸ்க் கைதிகள் கேம்ப்புக்கு அனுப்பிட்டாங்க, ரெண்டு வருஷம் கழிச்சு எழுத்தாளர் ஷோலகோவ் தலையிட்டதால விட்டாங்க, வரும்போது காசநோயோட வந்தான், 1943-ல செத்துட்டான். அப்பாவுக்கும் அதே நோய்தான், 1951 ஜனவரில போயிட்டார். ‘அஸ்திவாரக் குழி’ அந்த நாட்டுல அச்சானது 1987-ல. அவர் அதை அச்சுல பாக்கவே இல்ல.

அந்த நாவல்ல என்ன வேலைன்னா, ஊர்ல இருக்குற பாட்டாளிங்க எல்லாரும் சேந்து குடியிருக்க ஒரே பெரிய கட்டடம், அதுக்கு குழி வெட்டுறாங்க. குழி முடியிறதுக்குள்ள நாலு மடங்கு பெருசாக்குன்னு ஒரு ஆர்டர், அப்புறம் ஆறு மடங்கு. ரிவைஸ்டு எஸ்டிமேட் பாத்த எவனுக்கும் இது கற்பனையா தெரியாது. கட்டடம் கடைசி வரைக்கும் எழும்பல. அவங்க கூட இருந்த நாஸ்தியாங்கிற அனாதைக் குழந்தை செத்துப்போகுது, யாருக்காக கட்டடம்னு சொன்னாங்களோ அந்தக் குழந்தையை அதே குழிக்குள்ள இன்னும் ஆழமா வெட்டி, கல்லை செதுக்கி எடம் பண்ணி, புதைக்கிறான் சிக்லின்ங்கிற தொழிலாளி. அவன் வெட்டுற விதத்தை எழுதியிருக்கிறதைப் பாத்தாலே தெரியும், கையில மம்பட்டி புடிச்ச எடத்துல நின்னு பாத்தவன் எழுதினதுன்னு. அவர் புரட்சியை கேலி பண்ணினார்னு ஒரு கோஷ்டி சொல்லும், எனக்கு அப்படித் தோணல. 763 குளம் வெட்டினவனுக்கு கேலி பண்ண மனசு வராது, தண்ணி நிக்காதது தாங்காமத்தான் எழுதியிருக்கார்.

நான் இப்பல்லாம் வெட்டுறதுக்கு முன்னாடி மூணு எடத்துல கையால குழி எடுத்துப் பாக்குறேன், ஊர்ல வயசானவங்க ரெண்டு பேர்கிட்ட கேக்குறேன், மண்ணு நெறம் மாறுற எடத்துல மெஷினை நிறுத்திடுறேன். இதனால என் சைட் எல்லாம் லேட்டுன்னு பேரு. போன மாசம் ஒரு குட்டையில நாலரை அடியில நிறுத்திட்டு, குழிக்குள்ள எறங்கி ஒரு கைப்பிடி மண்ணை எடுத்து உருட்டிப் பாத்துட்டு நிக்கிறேன், மேலருந்து புதுசா வந்த ஆபீஸர் கத்துறார், "என்ன சார் குழிக்குள்ள நின்னு யோசிச்சுட்டு இருக்கீங்க, ஜேசிபி வாடகை ஏறுது சார்!"