மேட்டில் வெட்டிய வாய்க்கால்

போன மாதம் ஈரோட்டுப் பக்கம் காலிங்கராயன் வாய்க்கால் பாசனத்தில் ஒரு மஞ்சள் வயலுக்கு மட்டம் பார்க்கப் போயிருந்தேன். டிப்ளமா சிவில் முடித்ததிலிருந்து பதினெட்டு வருடமாக இதுதான் என் தொழில். நிலம் அளப்பது, மட்டம் எடுப்பது, படம் போட்டுக் கொடுப்பது. வயலுக்குச் சொந்தக்காரர் எழுபது வயதுப் பெரியவர். புதிதாக வெட்டிய கிளை வாய்க்காலைக் காட்டினார்.

"வாய்க்கா நிறைஞ்சு வரும்போது இதுல தண்ணி ஏறுதுங்க அம்மிணி. அங்க கொஞ்சம் இறங்குச்சுன்னா போன தண்ணி அப்படியே திரும்பி வந்துருது."

மட்டம் பார்க்கும் டம்பி லெவல் கருவியை நிறுத்தி, அவர் பேரனை ஸ்டாஃப் என்கிற அளவுக்கோலைப் பிடிக்கச் சொல்லிப் பார்த்தேன். வாய்க்காலின் அடியைவிடக் கிளையின் அடி ஒரு சாண் உயரத்தில் இருந்தது. "மேட்டுல வெட்டிட்டீங்கய்யா" என்றேன். சொன்னவுடனே எனக்கு அர்னோ ஆறு ஞாபகம் வந்துவிட்டது. பல வருடமாக என் மனதை விட்டுப் போகாத கதை அது.

இத்தாலியில் ஃபுளோரன்ஸ் நகரத்தின் நடுவே ஓடி, பீசா வழியாகக் கடலில் சேர்கிற ஆறு அர்னோ. ஃபுளோரன்ஸின் பிடியில் இருந்த பீசா 1494இல் கை நழுவிப் போனது. சண்டை போட்டுப் பிடிக்க முடியவில்லை. சரி, ஆற்றையே பீசாவுக்கு வராமல் தெற்கே திருப்பிவிட்டால் ஊர் வறண்டு பணிந்துவிடும் என்று ஒரு திட்டம் எழுந்தது. அதற்காக 1503 கோடையில் இடத்தைப் பார்க்கப் போனவர் லியனார்டோ டாவின்சி. அரசு அலுவலகத்தில் உட்கார்ந்து அந்தத் திட்டத்துக்காகக் கடிதம் கடிதமாக எழுதியவர் நிக்கோலோ மாக்கியவெல்லி. ஓவியர் என்று நாம் படித்த ஆளும், சூழ்ச்சிக்காரர் என்று நாம் படித்த ஆளும் ஒரே கால்வாய் வேலையில் இருந்திருக்கிறார்கள். பள்ளிப் புத்தகத்தில் ஒருவர் கலைப் பாடத்தில் இருப்பார், இன்னொருவர் அரசியலில் இருப்பார். அந்தப் பிரிவினை பின்னால் வந்தவர்கள் செய்தது.

1504 ஆகஸ்ட்டில் வெட்ட ஆரம்பித்தார்கள். களத்தில் வேலையை நடத்தியது லியனார்டோ இல்லை, வேறொரு நீர்ப் பொறியாளர். ஆள் பற்றவில்லை, நாள் ஓடியது, வெட்டின ஆழமும் குறைந்துபோனது. செப்டம்பரில் மாக்கியவெல்லி களத்துக்கு எழுதிய கடிதத்தில், வெட்டுகிற பள்ளத்தின் அடி ஆற்றின் அடியைவிட மேலே நின்றுவிடுமோ என்று பயப்படுகிறார். அவர் மம்பட்டி பிடித்தவர் இல்லை, மட்டம் எடுத்தவரும் இல்லை. ஆனால் எங்கே தப்பு நடக்கும் என்று நகரத்தில் இருந்தபடியே விரல் வைத்துவிட்டார். நடந்ததும் அதுதான். ஆறு பெருகினால் பள்ளத்தில் தண்ணீர் ஏறும். வற்றினால் ஆற்றுக்கே திரும்பிவிடும். அக்டோபரில் புயல் அடித்துக் கரைகள் சரிந்தன. ஃபுளோரன்ஸ் வேலையைக் கைவிட்டது. பீசாக்காரர்கள் மண்ணைப் போட்டு மூடிவிட்டார்கள்.

இந்த இரண்டு பேரும் அதற்கு முன்பே ஒரே இடத்தில் இருந்தவர்கள். 1502இல் படைத்தலைவன் சீசரே போர்ஜியா மத்திய இத்தாலியில் ஊர் ஊராகப் பிடித்துக்கொண்டிருந்தான். லியனார்டோ அவனிடம் கோட்டைகளைப் பார்வையிடும் பொறியாளர். மாக்கியவெல்லி அவன் மனதை அறிந்து சொல்ல ஃபுளோரன்ஸ் அனுப்பிய தூதர். அந்த வருடம் லியனார்டோ வரைந்த இமோலா நகரப் படத்தை நான் பிரின்ட் எடுத்து என் மேஜைக்கு மேலே ஒட்டி வைத்திருக்கிறேன்.

அந்தப் படத்தைப் பற்றிக் கொஞ்சம் சொல்லியே ஆக வேண்டும். அந்தக் காலத்து நகரப் படங்கள் பெரும்பாலும் பக்கத்துக் குன்றில் நின்று பார்த்த மாதிரி இருக்கும். கோபுரம் பெரிதாக நிற்கும், பின்னால் இருக்கிற வீடுகள் மறைந்துபோகும். இமோலா படத்தில் எதுவும் எதையும் மறைக்கவில்லை. ஒவ்வொரு தெருவும், வீட்டு வரிசையும், அகழியும் நேர் மேலிருந்து தெரிகின்றன. சுற்றிலும் ஒரு வட்டம், நடுவிலிருந்து எட்டுத் திசைக்கும் கோடுகள். ஆகாயத்தில் ஏற வழியில்லாத காலத்தில், கீழே நடந்து அளந்து, கோணம் எடுத்து, மேலிருந்து பார்க்கிற பார்வையைத் தாளில் உண்டாக்கியிருக்கிறார். இன்று நாங்கள் கோணமும் தூரமும் அளக்கிற டோட்டல் ஸ்டேஷன் கருவியில் செய்வதன் மூலக்கரு அங்கேயே இருக்கிறது. ஓரத்தில் ஓடுகிற ஆற்றை மட்டும் கயிறு பிரிந்த மாதிரி அவ்வளவு ஆசையாக வரைந்திருப்பார். அந்த இடத்தில் அளவுக்காரர் போய் ஓவியர் வந்துவிடுகிறார்.

மாக்கியவெல்லி 1512இல் பதவி இழந்தார். அடுத்த வருடம் சதியில் பங்கு என்று பிடித்துக் கையைப் பின்னால் கட்டித் தொங்கவிட்டார்கள். வெளியே வந்து கிராமத்து வீட்டில் உட்கார்ந்துதான் ஆட்சி நடத்துவதைப் பற்றிய 'இளவரசன்' நூலை எழுதினார். அதன் காணிக்கை உரையை நான் முதலில் படித்தபோது நிமிர்ந்து உட்கார்ந்தேன். நிலப்பரப்பை வரைகிறவர்கள் மலையைப் பார்க்கப் பள்ளத்தில் போய் நிற்கிறார்கள், பள்ளத்தைப் பார்க்க மலைமேல் ஏறுகிறார்கள். அதுபோல மக்களை அறிய அரசனாக இருக்க வேண்டும், அரசனை அறியக் குடிமக்களில் ஒருவனாக இருக்க வேண்டும் என்கிறார். பவானிக்குப் பக்கத்தில் ஊராட்சிக்கோட்டை மலைமேல் நின்றால் இது கண்கூடாகத் தெரியும். கீழே தண்ணீருக்குப் பக்கத்தில் நிற்கும்போது ஆறு எந்தப் பக்கம் வளைகிறது என்றே பிடிபடாது. மேலே இருக்கும்போது கரை எங்கே அரிக்கிறது என்று தெரியாது. அரசைப் பற்றி எழுத வந்தவர் முதல் பக்கத்திலேயே ஓவியரின் பாடத்தை எடுத்து வைக்கிறார். ஆள்கிறவன் கண்ணுக்குத் தன் நாடு முழுசாகத் தெரியாது, அதனால் நான் சொல்கிறேன் கேள் என்று வேலை போன ஒருவர் சொல்ல முடிந்தது அந்த உவமையால்தான்.

இருபத்தைந்தாம் அதிகாரத்தில் ஆறே வந்துவிடுகிறது. விதி வெள்ளம் போன்றது, பெருகினால் மரம், வீடு, மண் எல்லாம் போகும், ஆனால் அமைதியான நாளில் கரை எடுத்து வாய்க்கால் வெட்டி வைத்தால் அதன் வேகம் அடங்கும் என்கிறார். நம் காரியங்களில் பாதியை விதி நடத்தும், மீதிப் பாதியோ அதற்குக் கொஞ்சம் குறைவோ நம் கையில் என்பது அவர் கணக்கு. கரை சரிந்ததைக் கடிதங்களில் படித்தறிந்த ஒருவர் ஒன்பது வருடம் கழித்து எழுதியது இது. எனக்கு இது வெறும் உவமையாகப் படவில்லை.

அதே அதிகாரத்தின் கடைசியில், விதி ஒரு பெண், அவளை அடித்துத்தான் அடக்க வேண்டும் என்றும் எழுதுகிறார். அதை என்னால் ஏற்க முடியாது. காலம் அப்படி என்று தள்ளிவிடவும் மனம் வரவில்லை. தண்ணீரோடு வேலை செய்கிற யாரும் அடித்து அடக்குவதைப் பற்றிப் பேசமாட்டார்கள். என் அப்பாரு முறைத்தண்ணி கட்டப் போனால் முதலில் மடையை நாலு விரல் மட்டும் திறந்து, தண்ணீர் எங்கே தயங்குகிறது என்று குனிந்து பார்ப்பார். "கண்ணு ஏமாத்தும் சாமி, தண்ணிதான் ரசமட்டம்" என்பார்.

காலிங்கராயனும் அப்படித்தான் பார்த்திருக்க வேண்டும். பதிமூன்றாம் நூற்றாண்டில் பவானி ஆற்றில் அணை கட்டி, நொய்யல் வரை ஏறக்குறைய 90 கிலோமீட்டர் வாய்க்கால். பாம்பு போன தடத்தில் வெட்டினார் என்று ஊரில் கதை சொல்வார்கள். மட்டம் விட்டுப்போகாமல் மேட்டை ஒட்டி ஒட்டிச் சுற்றிப் போனதால் வந்த வளைவு அது என்று லெவல் பிடித்தவருக்குப் புரியும். தானும் தன் வாரிசுகளும் இந்தத் தண்ணீரைத் தொடமாட்டோம் என்று சொல்லிவிட்டு அவர் ஊத்துக்குளிக்குப் போய்விட்டாராம். அர்னோவில் வெட்டியது எதிரி ஊருக்குத் தண்ணீர் போகாமலிருக்க. வித்தை ஒன்றுதான். எதற்காக வெட்டினார்கள் என்பதை லியனார்டோவின் அழகான கோடுகள் மறைத்துவிடக் கூடாது என்று அவர் படங்களைப் பார்க்கும்போதெல்லாம் நினைத்துக்கொள்கிறேன்.

இதில் பாதிக் கதையைத் தென்னை நிழலில் உட்கார்ந்து அந்தப் பெரியவரிடம் சொன்னேன். காதைக் கொடுத்துக் கேட்டவர், "அப்புறம் அந்த ஊரைப் பிடிச்சாங்களாங்க?" என்றார்.

"1509இல் பிடித்தார்கள். மாக்கியவெல்லி சேர்த்த குடிபடையும் கூட இருந்து முற்றுகை போட்டு, பட்டினியில் பணிய வைத்தார்கள்."

"ஆறுங்க?"

"இன்னும் பீசா வழியாத்தான் போகுதுங்கய்யா."

அவர் எழுந்து, ஒரு சாண் ஆழம் எடுக்க எத்தனை ஆள் வேண்டும் என்று பேரனிடம் கணக்குக் கேட்க ஆரம்பித்தார்.