மத்திய கல்லூரியும் உயரம் பாய்தலும்

யாழ்ப்பாணம் மத்திய கல்லூரி என்றால் எல்லாருக்கும் முதலில் ஞாபகம் வருவது கிரிக்கெட்தான். 1904 முதல் பரியோவான் கல்லூரியோடு ஆடிவரும் 'வடக்கின் பெரும் போர்' நடக்கும் நாட்களில் லண்டனிலும் ரொறன்ரோவிலும் இருக்கிற எங்கள் ஆட்கள் நித்திரை கொள்வதில்லை. கொள்ளவும் வேண்டாம். ஆனால் ஆசியாவிலேயே முதலாவதாக வந்த ஒரு வீரரை இந்தக் கல்லூரி தந்தது மெய்வல்லுநர் போட்டியில், அதாவது ஓட்டம், பாய்ச்சல் அடங்கிய தடகளத்தில். எங்கள் பழைய மாணவர் சங்க மலருக்கு எழுதச் சொல்லிக் கேட்டவுடன் அதைத்தான் எழுதுவது என்று முடிவு செய்தேன்.

நாகலிங்கம் எதிர்வீரசிங்கம் 1934 ஆகஸ்டில் பிறந்தவர். 1952 யூலையில் ஹெல்சிங்கி ஒலிம்பிக்கில் உயரம் பாய்ந்தபோது அவருக்குப் பதினெட்டு வயது இன்னும் நிறையவில்லை. 1956 இல் மெல்போர்ன் ஒலிம்பிக். 1958 இல் டோக்கியோ ஆசிய விளையாட்டு விழாவில் 2.03 மீற்றர், அதாவது 6 அடி 8 அங்குலம் பாய்ந்து தங்கம் எடுத்தார். அந்த விழாக்களில் இலங்கைக்குக் கிடைத்த முதல் தங்கம் அது. ஹெல்சிங்கியில் அமெரிக்கரான வோல்ட் டேவிஸ் ஒலிம்பிக் தங்கம் வென்ற உயரம் 2.04 மீற்றர். அதையும் இதையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் எங்கள் பெடியன் எங்கே போய் நின்றான் என்பது விளங்கும். 1962 இல் ஜகார்த்தாவில் வெள்ளி. அமெரிக்காவில் படித்ததும் அங்கே கிடைத்த பயிற்சியும் அவருக்கு உதவின, அது உண்மை. ஆனால் ஹெல்சிங்கிக்குப் போகும் அளவுக்கு அவர் பாயப் பழகியது யாழ்ப்பாணத்து மண்ணில்.

நான் படித்தது எழுபதுகளில். அவர் கல்லூரியை விட்டுப் போய் இருபது வருடத்துக்கு மேல் ஆகிவிட்டது. ஆனாலும் பாயும் இடத்துக்கு வந்தால் அவருடைய பெயர் வராமல் பயிற்சி முடியாது. அந்த இடம் என்ன பெரிய இடம்? மைதானத்து ஓரத்தில் ஒரு மணல் குழி, ஆணி குத்திய இரண்டு மரத் தூண், குறுக்கே ஒரு மூங்கில் தடி. பின்னேரம் நான்கு மணிக்கு இளைய பெடியள் மண்வெட்டியோடு வந்து குழியைக் கொத்தி, கல்லுக் கில்லு இருந்தால் பொறுக்கி, மணலை நடுவில் குவித்து வைப்பார்கள். அந்த வேலை செய்யாதவனுக்குப் பாய இடமில்லை. பயிற்சி தந்த மாஸ்டர் தூணுக்குப் பக்கத்தில் நிற்பார். தடி விழுந்தால் திட்டமாட்டார். "தம்பி, தடியை விடு. நீ ஓடி வந்த கடைசி மூண்டு அடியைக் காட்டு பாப்பம்" என்பார். நாங்கள் புழுதியில் பதிந்த எங்கள் காலடியைத் தேடிக் காட்டுவோம். கடைசி அடி நீண்டுபோயிருந்தால் அதன்மேல் குதியால் ஒரு கோடு கீறிவிட்டுத் திரும்ப ஓடச் சொல்வார்.

1968 மெக்சிக்கோவில் டிக் பொஸ்பரி முதுகைத் தடிக்குக் கொடுத்து 2.24 மீற்றர் பாய்ந்து தங்கம் வென்ற கதை எங்களுக்கும் வந்து சேர்ந்திருந்தது. படமும் பார்த்திருந்தோம். ஆனால் முதுகும் பிடரியும் அடிபட மணலில் விழ முடியுமா? அந்தப் பாய்ச்சலுக்கு மெத்தை வேண்டும். மெத்தை இல்லாத பள்ளிக்கூடங்களில் கால்களைக் கத்தரிபோல ஒன்றன்பின் ஒன்றாக வீசித் தாண்டும் கத்தரிப் பாய்ச்சலும், வயிறு கீழே பார்க்கத் தடியைத் தாண்டி உருளும் பாய்ச்சலும்தான் ஓடின. காலோ கையோ முதலில் மணலைத் தொட்டால்தான் எழும்பி வரலாம். உலகம் ஒரு பக்கம் போக நாங்கள் பழைய பக்கத்திலேயே நின்றோம். திறமை குறைந்து அல்ல, விழ இடமில்லாமல்.

அப்புறம் இல்ல விளையாட்டுப் போட்டி, மாணவர்களை இல்லங்கள் என்று குழுக்களாகப் பிரித்து நடத்துவது. சுண்ணாம்பில் கோடு போட்டு, இல்லங்களைத் தென்னோலையும் கலர்க் கடதாசியும் கொண்டு சோடித்து, பான்ட் முழங்க அணிநடை போவது எல்லாருக்கும் தெரிந்ததுதான். எனக்குப் பிடித்தது அதற்கு முதல் நாட்களில் நடக்கும் மைதான நிகழ்ச்சிகள். பார்க்க ஆள் குறைவு. ஆனால் தடியை ஒரு அங்குலம் உயர்த்தும்போது அங்கே நிற்கிற அத்தனை பேரும், எதிர் இல்லத்துப் பெடியளும் சேர்ந்து, வாய் மூடி நிற்பார்கள்.

அதன் பின் நடந்தது எங்கள் எல்லாருடைய கதை. 1981 இல் பக்கத்திலிருந்த யாழ்ப்பாணப் பொது நூலகம் எரிந்தது. கோட்டையைச் சுற்றிச் சண்டை நடந்த காலத்தில் கல்லூரிக் கட்டடங்கள் உடைந்தன. 1995 ஒக்டோபரில் யாழ்ப்பாண நகரம் அடங்கிய வலிகாமமே இடம்பெயர்ந்தது. இத்தனைக்கும் பிறகு வடக்குப் பிள்ளைகள் மறுபடி பாய வந்தார்கள். தெல்லிப்பழை மகாஜனாவின் அனித்தா ஜெகதீஸ்வரன் கோலூன்றிப் பாய்தலில் தேசிய சாதனை படைத்தபோது இங்கே நாங்கள் தொலைபேசியில் ஒருவரை ஒருவர் கூப்பிட்டுச் சொன்னோம். வேறு பள்ளிக்கூடத்துப் பிள்ளைதான், அதனால் என்ன.

எதிர்வீரசிங்கம் 2024 இல் காலமானார். அவருக்குச் சிலை, வளைவு என்று பேச்சு வந்தால் என் கருத்து வேறு. உயரம் பாய்தலுக்கு நல்ல மெத்தை வாங்கிக் கொடுப்போம். சர்வதேசப் போட்டிகளில் 6 மீற்றர் நீளம், 4 மீற்றர் அகலம், 70 சென்ரிமீற்றர் உயரத்தில் போடுகிறார்கள். எங்கள் சங்கம் மனம் வைத்தால் முடியாத காரியம் அல்ல. மத்திய கல்லூரியோடு நிறுத்தாமல், பக்கத்துப் பள்ளிக்கூடப் பிள்ளைகளும் வந்து பாய விட வேண்டும். ஒன்று மட்டும் கவனிக்க வேண்டும்: மெத்தையோடு தார்ப்பாயும் கூரைக் கொட்டிலும் சேர்த்தே கணக்குப் போடுங்கள். ஐப்பசி, கார்த்திகை மழை குடித்த மெத்தை தை மாதம் விளையாட்டுப் போட்டிக்கு உதவாது.