தண்ணீர் மேலே ஏறும் ஊர்

நெதர்லாந்தில் நான் குடியேறியிருக்கும் தி ஹேக் நகரத்துப் பழைய வீடுகளுக்கென்று ஒரு தனி அமைப்பு உண்டு. 'போர்டீக்' என்பார்கள். தெருவிலிருந்து கல்படி ஏறினால் முதல் மாடி உயரத்தில் கூரை போட்ட ஒரு திறந்த இடம். அங்கே கதவுகள் ஒன்றையொன்று ஒட்டி வரிசையாக நிற்கும். ஒரு கதவைத் திறந்தால் நேரே கூடம். அடுத்த கதவைத் திறந்தால் கூடம் இல்லை, இன்னொரு படிக்கட்டு. அது இரண்டாம் மாடிக்குப் போகும். வாசலில் நிற்கும்போது பக்கத்து வீட்டுக்காரராகத் தெரிகிறவர், உள்ளே போனதும் நம் காலுக்குக் கீழே குடியிருப்பார்.

படிகளும் லேசுப்பட்டவை அல்ல. பாதம் முழுசாகப் பதியாத அளவுக்குக் குறுகல், ஏணி போலச் செங்குத்து. இறங்கும்போது காலைப் பக்கவாட்டில் திருப்பி வைக்கத் தெரிய வேண்டும். கட்டிலும் அலமாரியும் இந்த வழியில் ஏறவே ஏறாது. தெருவில் லிஃப்ட் வண்டியை நிறுத்தி, ஜன்னலைக் கழற்றி உள்ளே தள்ளுவார்கள். உள்ளே தரையெல்லாம் மரப்பலகை. நான் கிரைண்டரில் மாவு அரைத்தால் கீழ்வீட்டு அம்மாவின் கூரை அதிரும். ஒரு சனிக்கிழமை அவர் கதவைத் தட்டினார். சண்டைதான் என்று நினைத்துத் திறந்தேன். கையில் கனமான ரப்பர் பாய் ஒன்று. வாஷிங் மெஷினுக்கு அடியில் போடுவதாம். கிரைண்டரைத் தானே தூக்கிப் பிடித்து, பாயை அடியில் தள்ளி, நான்கு மூலையையும் காலால் மிதித்துச் சரிபார்த்துவிட்டுத்தான் போனார்.

இப்படி வாழ்ந்துகொண்டிருந்தபோதுதான் லாங்க ஃபோர்ஹௌட் சாலையில் இருக்கும் எஷர் அருங்காட்சியகத்துக்குப் போனேன். எம்மா அரசியின் குளிர்கால அரண்மனையாக இருந்த கட்டடம், 2002 முதல் டச்சு ஓவியர் எம்.சி. எஷரின் படங்களுக்கென்றே இயங்குகிறது. அங்கே 'ரிலேட்டிவிட்டி' என்ற 1953-ஆம் வருட லித்தோகிராஃபின், அதாவது கல்லச்சுப் படத்தின், முன்னால் நகராமல் நின்றேன். ஒரே கட்டடத்துக்குள் மூன்று ஈர்ப்புத் திசைகள், முகமில்லாத 16 பேர். ஒருவருக்குத் தரையாக இருப்பது இன்னொருவருக்குச் சுவர். மேலே ஒரு படிக்கட்டில் இருவர் ஒரே பக்கமாக, அருகருகே நடக்கிறார்கள். ஒருவர் ஏறுகிறார், மற்றவர் இறங்குகிறார். அவர்கள் வெவ்வேறு உலகத்தவர், அவர்களுக்குள் தொடர்புக்கே இடமில்லை என்று எஷர் விளக்கம் எழுதியிருக்கிறார். படத்துக்குள் அது சரி. ஆனால் இந்த ஊர்ப் படிக்கட்டில் அப்படி இல்லை என்று எனக்குச் சொல்லத் தோன்றியது. ரப்பர் பாயை நினைத்துக்கொண்டேன்.

எஷரும் ஊர்விட்டு ஊர் போனவர் என்பது அங்கே போன பிறகுதான் தெரியும். 1898-இல் லேவார்டனில் பிறந்தவர், இத்தாலியில் பத்து வருஷத்துக்கு மேல் வாழ்ந்து, மலைமேல் தொங்கும் கிராமங்களை வரைந்து குவித்தார். முசோலினி ஆட்சியில் பள்ளிக்கூடத்தில் மகனுக்கு பாசிச இளைஞர் சீருடை மாட்டியபோது பொறுக்கமுடியாமல் 1935-இல் குடும்பத்தோடு கிளம்பினார். சுவிட்சர்லாந்து, பிறகு பெல்ஜியம், 1941-இல் நெதர்லாந்தின் பார்ன். இத்தாலியின் மண் கொடுத்த கிளர்ச்சியை இந்த நாடுகள் எதுவும் அவருக்குக் கொடுக்கவில்லை. கண்ணெதிரே வரைய எதுவும் இல்லாதபோது உள்ளே இருந்ததை வரைய ஆரம்பித்தார். நாம் வியக்கும் அந்தச் சாத்தியமில்லாத உலகங்கள் பெரும்பாலும் இந்த இடப்பெயர்வுக்குப் பிறகு வந்தவை. புது நாட்டில் முதல் குளிர்காலத்தைக் கழித்த எவருக்கும் இது புரியும்.

அப்பா கோடையில் வந்திருந்தபோது அவரையும் அழைத்துப் போனேன். திருவையாற்றுப் பக்கம் விவசாயம் பார்க்கிறவர். ஓவியத்தில் ஈடுபாடு கிடையாது. ஆனால் 1961-இல் வரைந்த 'நீர்வீழ்ச்சி' முன்னால் மூக்குக்கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு நின்றார். வாய்க்காலில் தண்ணீர் வளைந்து வளைந்து ஓடுகிறது. ஓடிய இடமெல்லாம் சரிவாகத்தான் தெரிகிறது. ஆனால் போய்ச் சேரும் இடம் உச்சி. அங்கிருந்து கொட்டிச் சக்கரத்தைச் சுற்றிவிட்டு, மறுபடி அதே வாய்க்கால். பிரிட்டிஷ் அறிவியலாளர் லயனல் பென்ரோஸும் மகன் ரோஜரும் 1958-இல் வெளியிட்ட கட்டுரையில் இருந்த சாத்தியமில்லாத முக்கோணம்தான் இதன் எலும்புக்கூடு. ஒவ்வொரு மூலையும் தனியாகப் பார்த்தால் சரி. மூன்றையும் சேர்த்தால்தான் பொய். அப்பா விரலால் வாய்க்காலைத் தொடர்ந்துபோய், ஒவ்வொரு திருப்பத்திலும் நிறுத்தி, "எந்த எடத்துலம்மா மேல ஏறுது?" என்றார். ஆவியாகிற அளவுக்கு மட்டும் அவ்வப்போது ஒரு வாளி ஊற்றினால் போதும் என்று எஷரே எழுதியிருப்பதைச் சொன்னேன். அப்பா தலையாட்டினார், அது அவருக்கு நியாயமான கணக்காகப் பட்டது.

மறுநாள் ஹார்லெமர்மீர் பக்கம் போனோம். 1852 வரை அது ஏரி. நீராவிப் பம்புகளை வைத்து இறைத்துத் தரையாக்கினார்கள். ஸ்கிப்ஹோல் விமான நிலையமே கடல் மட்டத்துக்குக் கீழே, அந்த ஏரியின் அடியில்தான் இருக்கிறது. சுற்றிலும் கரை கட்டி, மேலே ஓடுகிறது வட்டக் கால்வாய். நாங்கள் உருளைக்கிழங்கு வயலோரம் நின்றோம். எங்கள் தலைக்கு மேலே, கரைக்குப் பின்னால், ஒரு படகின் மேல்பாதி மட்டும் புல்லின் மீது வழுக்கிக்கொண்டு போனது.

அப்பாவுக்கு வெகுநேரம் பேச்சு வரவில்லை. கல்லணையில் திறந்த தண்ணீர் கடைமடைக்கு வந்து சேருமா என்று காத்திருந்தே பழகியவர். இங்கே வயலில் விழும் மழையைக் கால்வாய்க்கு மேலே ஏற்ற வேண்டும். ஏற்றாவிட்டால் பயிர் மூழ்கும். எங்கள் ஊர்ப் பாசனக் கணக்கு தெரிந்தவர் இந்தக் கணக்கைத் தலைகீழாகத்தான் படிக்க வேண்டியிருந்தது. "இங்க கடைமடைக்காரன் யாரு?" என்று கேட்டார். எல்லாருமே என்றேன். 13-ஆம் நூற்றாண்டிலிருந்தே இதற்கென்று நீர் வாரியங்கள் இருப்பதையும், அவற்றுக்குத் தேர்தல் நடப்பதையும், இரண்டாம் மாடியில் குடியிருக்கும் எனக்கும் வருஷா வருஷம் வரிச்சீட்டு வருவதையும் சொன்னேன். வரி கட்டுவதில் அவருக்கு முழுச் சம்மதம். "மேல இருக்கறவனும் கட்றான்ல, அது போதும்" என்றார்.

ஊருக்குத் திரும்பிய பிறகு, போனில் இங்கே மழை என்று சொன்னால் அப்பா முதலில் கேட்பது, "பம்பு ஓடுதாம்மா?"