அம்மாயியின் ஆள்காட்டி விரல்

இன்று காலை சேலம் அம்மாப்பேட்டையில் மின்சாரம் நின்று தெருவே அடங்கியிருக்க, அம்மாயியின் இராட்டை ஓசை மட்டும் திண்ணை வரை கேட்டது.

அவருக்கு 82 வயது. பார்வை மங்கிவிட்டது.

ஆனாலும் வலக்கை சக்கரத்தைச் சுழற்ற, இடக்கை விரல்களுக்கு நடுவே வழுக்கியபடி பட்டு நூல் தாரில், அதாவது தறிக்கான நூல் சுற்றும் சிறு குழலில், ஏறுகிறது. அந்த ஆள்காட்டி விரலின் ஓரத்தில், ஆண்டுக்கணக்காக நூல் ஓடி ஓடி, மெல்லிய கோடாக ஒரு பள்ளம் விழுந்திருக்கிறது. நூல் அறுந்தால் அவருக்குக் கண் தேவைப்படுவதில்லை, விரலே அறிந்துகொள்கிறது.

"நான் தார் சுத்தலைன்னா உங்க தாத்தா தறி நின்னுரும் கண்ணு" என்றார்.

விடியும் முன்பே தெரு நீளத்துக்குப் பாவு என்னும் நெடுக்கு நூலை விரித்துக் கஞ்சி போட்டதையும், ஏற்காடு சாலையில் இன்று நுழைவு வளைவு மட்டும் நிற்கிற மாடர்ன் தியேட்டர்ஸ் சினிமா ஸ்டுடியோவின் வாசலில் நடிகர்களைப் பார்க்கக் காத்துக் கிடந்ததையும், ஆடியில் கோட்டை மாரியம்மனுக்குப் பொங்கல் வைத்ததையும், கை நிற்காமலே சொல்லிக்கொண்டிருந்தார்.

சேலம் வெண்பட்டுக்குப் புவிசார் குறியீடு உண்டு. எங்கள் குடும்பத்தில் நெசவாளர் என்று பதிவானது தாத்தாவின் பெயர் மட்டும்தான். ஒவ்வொரு வேட்டியின் குறுக்கு நூலான ஊடையும் முதலில் இந்த விரலைக் கடந்துதான் தறிக்குப் போனது என்பதை இத்தனை காலம் நான் எண்ணிப் பார்க்கவே இல்லை என்பது மனத்தை வருத்துகிறது.

இன்று அந்த விரலை வெகுநேரம் பிடித்துக்கொண்டிருந்தேன்.