விரல் வைம்மா

மே 4
ரேஷன் கடை மெஷினில் அம்மாவின் ரேகை இன்றும் விழவில்லை. கட்டைவிரல், ஆள்காட்டி, நடுவிரல் என்று அம்மா மாற்றி மாற்றி வைத்தாள், தண்ணீர் தொட்டு, புடவையில் துடைத்து, மறுபடியும் வைத்தாள். வரிசையில் பின்னால் நின்றவர்கள் உச்சுக் கொட்டினார்கள். 30 வருஷம் பீடி சுற்றிய விரல். இலை வெட்டி, தூள் போட்டு உருட்டி, முனை மடக்கி, நூல் சுற்றி, நாளைக்கு 1000. அரிசி இல்லாமல் திரும்பி வந்தோம்.

மே 5
வெயில். வேலை ஓடவில்லை.

மே 7
அம்மாவின் பத்து விரலையும் ஸ்டாம்ப் பேடில் தொட்டுத் தாளில் எடுத்தேன். வலது கட்டைவிரல் வெறும் கறுப்பு வட்டம். சுண்டுவிரலில் மட்டும் கோடு முழுசாக இருக்கிறது, பீடிக்கு அது தேவைப்படவில்லை போல. ஸ்கேன் செய்து, கண்காட்சிக்கு ஆறடிக்குப் பெரிதாக்கணும். அம்மா தேங்காய் எண்ணெய் போட்டு மையைத் தேய்த்துக்கொண்டே, "இதையா மாட்டப் போற, நாலு பேர் பாக்கற எடத்துல?" என்றாள்.

மே 9
தன் உடம்பையே கலையாக்கும் ஸ்டெலார்க்கின் படங்களை அம்மாவிடம் காட்டினேன். சைப்ரஸில் பிறந்த ஆஸ்திரேலியாக்காரர், 1980-இல் மூன்றாவதாக ஓர் இயந்திரக் கை செய்து மாட்டிக்கொண்டவர், பிற்பாடு ஆபரேஷன் செய்து இடது முன்கையில் ஒரு காதையே உண்டாக்கிக்கொண்டார். "கேக்குமாடி?" கேட்காது. உள்ளே மைக் வைத்தார்கள், புண்ணாகி எடுத்துவிட்டார்கள். "அப்ப எதுக்கு?" ஏதோ சொன்னேன், எனக்கே பிடிக்கவில்லை. மனுஷ உடம்பு காலாவதியாகிவிட்டது என்பது அவர் கட்சி. அதை அம்மாவிடம் சொல்லவில்லை.

மே 11
விழவில்லை. ஓடிபி அண்ணன் நம்பருக்குப் போகிறது. ஓசூரில் நைட் ஷிப்ட் முடிந்து தூங்குகிறான்.

மே 12
அம்மா மணி பார்க்க என் போனை எடுத்தாள், திறந்துகொண்டது. என் முகம் பதிந்த போன்! பூட்டிவிட்டு மறுபடியும் அவள் முகத்துக்கு நேரே நீட்டினேன், திறந்தது, கண்ணாடியைக் கழற்றச் சொன்னேன், அப்போதும். 15 தடவை வைத்தேன், 11 தடவை திறந்தது, எழுதி வைத்திருக்கிறேன். கடையில் அவள் அவளில்லை, இங்கே என்னடாவென்றால் அவள்தான் நான். கூழ் புளிச்சுப் போகுது, போனை வெச்சுட்டு வாடி என்று திட்டினாள்.

மே 13
ஆறடி பிரிண்ட் வந்துவிட்டது. ரேகை மாதிரியே இல்லை. பாலாறு மாதிரி இருக்கிறது, அத்தனையும் மணல், ஓரமாக எங்கேயோ ஒரு கோடு.

மே 15
சிரசுத் திருவிழா. விடியும்போதே முத்தியாலம்மன் கோயில் பக்கம் நிற்க இடமில்லை. குடியாத்தத்தில் பிறந்து வருஷா வருஷம் பார்க்கிறேன், இந்த வருஷம்தான் வயிற்றைப் பிசைந்தது. பரசுராமன் வெட்டிய அவன் அம்மா ரேணுகாவின் தலை, கோபாலபுரம் வரை தெருத்தெருவாக வந்து, அவளோடு வெட்டுப்பட்ட சண்டாளச்சியின் உடம்பில் சேர்கிறது. தலை ஒருத்தி, உடம்பு ஒருத்தி. தேங்காய் உடைத்து ஊரே கும்பிடுகிறது, விரல் வைம்மா என்று யாரும் கேட்கவில்லை. நெரிசலில் தொலைந்துவிடுவேனாம், அம்மா என் துப்பட்டா நுனியைச் சுண்டுவிரலில் சுற்றிக்கொண்டே வந்தாள்.

மே 16
தூக்கம் இல்லை.

மே 18
ஆதாருக்குப் பத்து விரலும்தானே பதிந்தார்கள். சுண்டுவிரலை வைக்கச் சொல்லி இதுவரை யாரும் சொல்லவில்லை, எனக்கும் தோன்றவில்லை. காலையில் கடை திறக்கும்போதே போகணும்.