யொக்மொக்: காலியாகத் தெரியும் நிலம்

ஸ்வீடனின் வடகோடியில் யொக்மொக் என்றொரு கொம்மூன் இருக்கிறது. கொம்மூன் என்பது அந்த நாட்டு உள்ளாட்சி. பள்ளிக்கூடம், முதியோர் பராமரிப்பு, குடிநீர், தெருவில் பனி அள்ளுவது எல்லாம் அதன் பொறுப்பு. யொக்மொக்கின் பரப்பளவு 19,000 சதுர கிலோமீட்டருக்கு மேல், அதாவது கேரளத்தில் கிட்டத்தட்ட பாதி. அதில் வாழ்பவர்கள் ஐயாயிரம் பேர்கூட இல்லை. அவர்களிலும் பாதிக்கு மேற்பட்டோர் அதே பெயருள்ள சிறு நகரத்தில் இருக்கிறார்கள். மற்றதெல்லாம் காடு, ஏரி, சதுப்பு, மேற்கே நார்வே எல்லை வரைக்கும் மலை.

ஸ்டாக்ஹோமில் எனக்குத் தெரிந்தவர்களிடம் இங்கே போகப்போவதாகச் சொன்னபோது, பிப்ரவரிச் சந்தைக்கா என்றுதான் எல்லோரும் கேட்டார்கள். இல்லை, மார்ச் மாதம் போகிறேன் என்றதும், அப்போது அங்கே ஒன்றுமே இருக்காதே என்றார்கள். அந்த 'ஒன்றுமே இல்லாத' காலத்தைப் பார்க்கத்தான் எனக்கு ஆசை. திருவிழா நாளில் எந்த ஊரும் நன்றாகத்தான் இருக்கும். சாதாரண செவ்வாய்க்கிழமையில் அங்கே மனிதர்கள் எப்படி வாழ்கிறார்கள் என்பதுதான் எனக்குத் தெரிய வேண்டியிருந்தது.

கடற்கரை நகரமான லூலியோவிலிருந்து சுமார் 170 கிலோமீட்டர், பேருந்துப் பயணம். குளிர்காலத்தில் ரயில் கிடையாது. ஸ்வீடனின் உள்நாட்டு ரயில் பாதை 1937-ல் முழுமையாகி யொக்மொக் வழியாகத்தான் போகிறது என்றாலும், இந்தப் பக்கம் பயணிகள் வண்டி ஓடுவது கோடையில்தான். பேருந்தின் வயிற்றில் எங்கள் பெட்டிகளைவிட பார்சல்கள்தான் அதிகம். டயர், இயந்திர உதிரிபாகம், அட்டைப் பெட்டிகள். வழியில் யாரோ ஒருவர் சாலையோரம் காத்து நிற்பார், ஓட்டுநர் இறங்கி எடுத்துக் கொடுப்பார், இரண்டு வார்த்தை பேசுவார், வண்டி கிளம்பும். இந்த ஊர்களுக்குப் பேருந்து என்றால் பாதி தபால்காரர். பயணிகள் குறைவு என்று கணக்குப் பார்த்து ஒரு வண்டியை நிறுத்தினால் எத்தனை வேலை நின்று போகும் என்பது இதில் உட்கார்ந்து போனால்தான் புரியும்.

சாலையோரத்தில் பனியின் ஆழம் காட்ட நட்ட கம்புகள் வரிசையாக வருகின்றன. சில இடங்களில் அவற்றில் கறுப்பு பிளாஸ்டிக் பைகள் கட்டியிருந்தன. முதலில் குப்பை என்றே நினைக்கத் தோன்றும். அது எச்சரிக்கை. பக்கத்தில் ரெயின்டீர் என்கிற துருவ மான் கூட்டம் நிற்கிறது, மெதுவாகப் போ என்று மேய்ப்பவர்கள் கட்டி வைப்பது. உள்ளூர் ஓட்டுநர்கள் அந்தப் பையைப் பார்த்ததும் காலை எடுத்துவிடுகிறார்கள். எங்கள் ஓட்டுநரும் எடுத்தார். அடுத்த வளைவில் ஏழெட்டு மான்கள் தார்ச்சாலையின் நடுவில் நின்றன. ஹாரன் அடிக்கவில்லை, அவை நகரும்வரை வண்டி நின்றது. யாரும் கைக்கடிகாரத்தைப் பார்க்கவில்லை.

துருவ வட்டம் யொக்மொக்குக்குத் தெற்கே ஏழு கிலோமீட்டரில். பலகை இருக்கிறது, படம் எடுத்துக்கொள்ளலாம்.

நகரம் ஒரே நீளத் தெரு. மளிகைக் கடை, மருந்துக் கடை, பெட்ரோல் பங்க், நூலகம், பள்ளி. கடை வாசலில் சறுக்குக் கட்டைகள் நின்றன. முன்னால் உட்காரவோ பை வைக்கவோ ஒரு சிறு பலகை, பின்னால் இரண்டு நீள இரும்புப் பட்டைகள். ஒரு காலைப் பட்டையில் வைத்து மறு காலால் உந்தினால் பனியில் சைக்கிள் வேகத்தில் போகலாம். எண்பது வயதுப் பாட்டிகள் பால், ரொட்டி வாங்கிக்கொண்டு அதில் போகிறார்கள். நடக்கும்போது வழுக்கி விழும் பயம் இல்லை, சுமையைத் தூக்கவும் வேண்டாம். வாகன நிறுத்தத்தில் ஒவ்வொரு இடத்துக்கும் ஒரு மின் இணைப்புக் கம்பம். இரவில் பூஜ்யத்துக்குக் கீழே இருபது டிகிரிக்குப் போனால் எஞ்சினைச் சூடாக்காமல் காலையில் வண்டி எடுக்க முடியாது. மதியம் உணவகத்தில் அன்றைய சாப்பாடு என்று ஒன்று உண்டு. சாலட், ரொட்டி, காபி எல்லாம் அதே விலைக்குள். பனிச்சறுக்கு வண்டி உடுப்போடு வந்த இளைஞர்கள், பள்ளி ஆசிரியர்கள், ஓய்வுபெற்றவர்கள் என்று எல்லோரும் அங்கேதான். ஊர்ச் செய்தியெல்லாம் அங்கேதான் பரிமாறப்படுகிறது.

சந்தையைப் பற்றியும் கொஞ்சம் சொல்லிவிடுகிறேன். 1605-ல் அரசர் ஒன்பதாம் கார்ல் காலத்தில் தொடங்கிய குளிர்காலச் சந்தை அது. காட்டிலும் மலையிலும் சிதறி வாழ்ந்த, இந்த வடபகுதியின் பூர்வகுடிகளான சாமி மக்களை ஒரே இடத்துக்கு வரவைத்தால் வரி வசூலிக்கலாம், தேவாலயத்துக்குக் கூப்பிடலாம் என்பது அரசின் கணக்கு. குளிர் உச்சத்தில் இருக்கும்போது ஏன் என்றால், அப்போதுதான் ஏரியும் சதுப்பும் உறைந்து சறுக்குவண்டிக்குப் பாதையாகும். இப்போது பிப்ரவரி முதல் வியாழன் தொடங்கி மூன்று நாள் நடக்கிறது. பல்லாயிரக்கணக்கானோர் வருகிறார்கள்.

பழைய தேவாலயத்தில் ஒரு விஷயம் என்னை உலுக்கியது. எட்டுப் பட்டை வடிவக் கட்டடம். பழையது 1972-ல் எரிந்துபோக, 1976-ல் அதே வடிவில் திரும்பக் கட்டினார்கள். அதைச் சுற்றி அகலமான மரச் சுவர். குளிர்காலத்தில் நிலம் பாறையாக இறுகிக் கிடக்கும், குழி தோண்ட முடியாது. அதனால் இறந்தவர்களை அந்த மரச் சுவரின் இடைவெளிக்குள் வைத்து, வசந்தத்தில் மண் இளகியதும் புதைத்தார்கள். அந்தக் காலத்து மனிதர்கள் ஞாயிற்றுக்கிழமை பிரார்த்தனைக்குப் போகும்போதெல்லாம் தங்கள் வீட்டுப் பெரியவரைக் கடந்துதான் உள்ளே போயிருப்பார்கள்.

ஆய்த்தே அருங்காட்சியகத்துக்கு ஒரு முழு நாள் கொடுங்கள். 1989-ல் திறந்தது, ஸ்வீடனில் சாமி பண்பாட்டுக்கு இதுதான் தலைமை அருங்காட்சியகம். தோல் போர்த்திய சடங்கு மேளங்களின் முன்னால் வெகுநேரம் நின்றேன். பதினேழாம், பதினெட்டாம் நூற்றாண்டுகளில் மதப் பிரச்சாரகர்களும் அதிகாரிகளும் இவற்றைப் பிடுங்கினார்கள், பலவற்றை எரித்தார்கள். தப்பியவை தொலைதூர நகரங்களின் சேகரிப்புகளுக்குப் போய்விட்டன. 1913-ல் வந்த சட்டம் மலை மேய்ப்பர்களின் குழந்தைகளுக்குத் தனிப் பள்ளி வைத்தது. நல்ல கட்டடத்தில் படித்தால் நாடோடி வாழ்க்கையை விட்டுவிடுவார்கள் என்று சொல்லி, அவர்களைக் குடிசைப் பள்ளியில் உட்கார வைத்தார்கள். இதைப் படித்தபோது எனக்குக் கோபம்தான் வந்தது. ஒரு மக்களின் மேளத்தைப் பறித்தவர்களே பின்னால் அவர்கள் எப்படி வாழ வேண்டும் என்றும் தீர்மானித்திருக்கிறார்கள். 1942-ல் தொடங்கி, இப்போது இதே ஊரில் இருக்கும் சாமி கல்வி நிலையத்தில் இன்று இளைஞர்கள் மான் மேய்ப்பும் மரபுக் கைவினையும் படிக்கிறார்கள். பிர்ச் மரக் கணுவைக் குடைந்து கோப்பை செய்கிறார்கள், கொம்பில் கத்தி உறை செதுக்குகிறார்கள். லூலே சாமி மொழியைப் பேசுபவர்கள் இரண்டாயிரத்துக்கும் குறைவு என்கிறார்கள். ஊர்ப் பெயர்ப் பலகைகளில் அந்த மொழியையும் பார்க்கிறோம்.

நான் தங்கிய வீட்டு அம்மாவுக்கு மான் மேய்க்கும் உறவினர்கள் இருந்தார்கள். அவர்களைச் சந்திக்க அழைத்துப் போகும் முன்பே ஒன்று சொல்லிவிட்டார். எத்தனை மான் வைத்திருக்கிறீர்கள் என்று மட்டும் கேட்டுவிடாதீர்கள், உங்கள் வங்கிக் கணக்கில் எவ்வளவு இருக்கிறது என்று கேட்பது மாதிரி அது. சரி என்றேன். அந்தக் குடும்பத்தின் பெரியவர் காபியில் பாலாடைக்கட்டித் துண்டுகளைப் போட்டுக் கொடுத்தார். காபியில் ஊறி மெத்தென்று ஆன கட்டியைக் கடைசியில் கரண்டியால் எடுத்துச் சாப்பிட வேண்டும். கூடவே உலர்ந்த மான் இறைச்சி, கத்தியால் சீவிச் சீவி.

அவர் பேசியதிலிருந்துதான் இந்த நிலத்தின் கணக்கு எனக்குப் புரிந்தது. கோடையில் மான்கள் மேற்கே மலையில். கன்றுகள் மே மாதம் பிறக்கும், கோடையில் காதில் கத்தியால் அடையாள வெட்டு. ஒவ்வொரு சொந்தக்காரருக்கும் பதிவு செய்த தனி வெட்டு, ஓடும் மானின் காதைப் பார்த்தே யாருடையது என்று சொல்லிவிடுவார்கள். குளிர் வந்ததும் கிழக்கே காட்டுக்கு இறக்கம். அங்கே பனிக்கு அடியில் இருக்கும் லைக்கன்தான் தீனி. நாம் சமையலில் போடுகிறோமே கல்பாசி, அதுவும் ஒரு லைக்கன்தான். மான் காலால் பனியைத் தோண்டி அதை மேயும். ஏப்ரலில் திரும்ப மலைக்கு.

இந்தச் சுற்று நடக்க மலையும் வேண்டும், கடற்கரைப் பக்கத்துக் காடும் வேண்டும், நடுவில் உடையாத பாதையும் வேண்டும். எங்கே ஒரு சுரங்கம், ஒரு அணை, மொட்டையடித்த காடு வந்தாலும் சங்கிலி அறுகிறது. இப்போது வானிலை வேறு. நடுக்குளிரில் மழை பெய்து, மறுபடி உறைந்தால் தரைமேல் பனிக்கட்டி ஓடு கட்டிக்கொள்கிறது. மானால் அதை உடைக்க முடியாது, தீனி கண்ணெதிரே இருந்தும் பட்டினி. அப்போது தீவனம் விலைக்கு வாங்கிப் போட வேண்டியதுதான். பனிவண்டிக்கு எரிபொருள், மான் கழுத்தில் ஜிபிஎஸ் பட்டை, சில சமயம் ஹெலிகாப்டர். பெரியவர் இதையெல்லாம் புலம்பலாகச் சொல்லவில்லை, வரவுசெலவாகச் சொன்னார். 'காலி நிலம்' என்று வரைபடத்தில் தெரிவதில் ஒவ்வொரு மேடும் யாரோ ஒருவரின் மார்ச் மாத மேய்ச்சல்.

அப்புறம் ஆறு. லூலே ஆற்றில் பதினைந்து நீர்மின் நிலையங்கள். ஸ்வீடனின் மின்சாரத்தில் ஏறக்குறைய பத்தில் ஒரு பங்கு இந்த ஓர் ஆற்றிலிருந்து வருகிறது, அதில் பெரும்பகுதி யொக்மொக் எல்லைக்குள். கிருனாவின் இரும்புத்தாது ரயில்களுக்கு மின்சாரம் தர 1910-ல் போர்யூஸ் என்ற இடத்தில் மின் நிலைய வேலை தொடங்கியபோது அங்கே ரயிலும் இல்லை, சாலையும் இல்லை. பக்கத்து நகரமான யெல்லிவாரேயிலிருந்து சுமார் ஐம்பது கிலோமீட்டர், காட்டுக்குள் போட்ட பலகைப் பாதையில் மனிதர்கள் முதுகில் சுமந்துதான் சாமான்கள் போயின. அடுத்த ஆண்டு ரயில் பாதை எட்டும்வரை அப்படித்தான். 1915-ல் எழுந்த அந்த நிலையம் கோட்டை மாதிரி நிற்கிறது. இயந்திரக் கூடம் ஐம்பது மீட்டர் ஆழத்தில், பாறைக்குள்.

போர்யூஸுக்குச் சற்றுக் கீழே ஹார்ஸ்ப்ரோங்கெத். நாட்டின் மிகப்பெரிய நீர்மின் நிலையம். ஒரு காலத்தில் பேரிரைச்சலோடு விழுந்த அருவி இருந்த இடம். 1950களின் தொடக்கத்தில் ஆற்றைச் சுரங்கப்பாதைக்குள் திருப்பிவிட்டார்கள், பழைய படுகை வெறும் பாறை. இங்கிருந்து தெற்கே ஹால்ஸ்பெரி வரை 1952-ல் இயங்கத் தொடங்கியது உலகின் முதல் 380 கிலோவோல்ட் மின்பாதை. இன்னொரு பக்கம் மெஸ்ஸவுரே. அணை கட்ட வந்தவர்களுக்காக எழுந்த ஊர். பள்ளி, கடைகள் எல்லாம் இருந்தன. வேலை முடிந்ததும் வீடுகளைக் கழற்றிக்கொண்டு போய்விட்டார்கள். தெருக்கள் மட்டும் காட்டுக்குள் இருக்கின்றன.

சுவோர்வா அணையின் கதை இன்னும் வேதனையானது. அங்கிருந்த பெரிய அருவிக்காகவே 1909-ல் தேசியப் பூங்கா அறிவித்தார்கள், ஐரோப்பாவின் முதல் தேசியப் பூங்காக்களில் ஒன்று. பத்தே வருடத்தில், அணைக்குத் தேவையான பகுதியை நாடாளுமன்றமே பூங்காவிலிருந்து வெட்டி எடுத்தது. நீர்மட்டத்தை ஒருமுறை அல்ல, பலமுறை உயர்த்தினார்கள். கரையில் இருந்த சாமி குடியிருப்புகள் ஒவ்வொரு முறையும் மூழ்கின.

இத்தனை மின்சாரம் தரும் ஊருக்கு என்ன கிடைக்கிறது? நீர்மின் நிலையங்கள் மீதான சொத்து வரி ஸ்டாக்ஹோமுக்கு, மத்திய அரசுக்குப் போகிறது. கொம்மூனுக்கு முக்கிய வருமானம் அங்கே வாழ்பவர்கள் கட்டும் வருமான வரியிலிருந்துதான். இளைஞர்கள் வெளியேற வெளியேற அதுவும் குறைகிறது. மருத்துவமனை வேண்டுமென்றால் யெல்லிவாரே, தொண்ணூறு கிலோமீட்டர். பனிப்புயலில் பிரசவ வலி எடுத்தால் அந்தத் தூரம் என்ன ஆகும் என்று தங்கிய வீட்டில் கேட்டேன். ஆம்புலன்ஸில் பிறந்த குழந்தை ஊரில் உண்டு என்றார்கள். மின் நிலையங்களின் வரியில் ஒரு பங்கு எங்களுக்கு வேண்டும் என்று இங்கே உள்ளவர்கள் பல ஆண்டுகளாகக் கேட்கிறார்கள். எனக்கு அது முழுக்க நியாயமாகப் படுகிறது.

காலொக் இரும்புச் சுரங்கத் திட்டத்தைப் பற்றிப் பேச்சு எடுத்தால் மேசையில் குரல் மாறும். ஒரு பிரிட்டிஷ் நிறுவனம் கேட்ட உரிமத்தை, ஐ.நா. நிபுணர்கள் வேண்டாம் என்று சொன்ன பிறகும் 2022 மார்ச்சில் ஸ்வீடன் அரசு நிபந்தனைகளோடு கொடுத்தது. மான்களின் இடப்பெயர்ச்சிப் பாதை அறுந்துவிடும் என்கிறார்கள் மேய்ப்பவர்கள். வேலை இல்லாவிட்டால் பள்ளியே மூடிவிடும் என்கிறார்கள் வேறு சிலர். இருவரும் ஒரே கடையில் பால் வாங்குகிறவர்கள், சில சமயம் ஒரே குடும்பம். என் மனம் மேய்ப்பவர்கள் பக்கம். சுரங்கம் சில பத்தாண்டுகளில் தீர்ந்துவிடும், மெஸ்ஸவுரே தீர்ந்துபோனதைப் போல. ஆனால் பிள்ளையை ஊரிலேயே வைத்துக்கொள்ள ஆசைப்படும் பெற்றோரிடம் இதைச் சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

பிற்பகல்களில் தல்வாத்திஸ் ஏரிக்குப் போவேன். மார்ச் வெயில் பனியில் பட்டுக் கண்ணைக் கூசும், நிழலில் குளிர் கடிக்கும். பனிக்கட்டியில் துளை போட்டு, மான்தோலை விரித்து அதில் சாய்ந்தபடி, முழ நீளத் தூண்டிலோடு மீன்பிடிப்பவர்கள். ஒரு தாத்தா எனக்கும் ஒரு தூண்டில் கொடுத்தார். பக்கத்தில் பேத்தி தொத்திறைச்சியைத் தீயில் வாட்டிக்கொண்டிருந்தாள். சாமி மக்கள் ஆண்டை எட்டுப் பருவமாகப் பிரிக்கிறார்கள். இது குளிருக்கும் வசந்தத்துக்கும் இடைப்பட்ட பருவம், தாத்தாவின் கணக்கில் இருப்பதிலேயே நல்லது.

போக நினைப்பவர்களுக்கு: லூலியோவரை ரயிலிலோ விமானத்திலோ வந்து பேருந்து ஏறுங்கள். சந்தைக்கு என்றால் பல மாதங்கள் முன்பே அறை பிடிக்க வேண்டும், ஊரே தன் வீட்டு அறைகளை வாடகைக்கு விடும். மார்ச்சில் அந்த நெருக்கடி இல்லை. குளிர்கண்ணாடி கட்டாயம். நேரம் இருந்தால் மேற்கே 120 கிலோமீட்டர் போய் சாலை முடியும் க்விக்யொக்கையும் பாருங்கள். அங்கிருந்து சாரெக் மலைகளும், 1996-ல் உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்ந்த லபோனியாவும் தொடங்குகின்றன. காரில் போனால் கறுப்புப் பையைக் கண்ட இடத்தில் வேகத்தைக் குறையுங்கள். மானை இடித்துவிட்டால் போலீஸுக்குச் சொல்லியே ஆக வேண்டும். அது காட்டு விலங்கு இல்லை, காதில் சொந்தக்காரரின் வெட்டு இருக்கும்.